மல்லிகாக்கா சாத்திய கதவு

"நான் சாத்தினேனே."

மல்லிகாக்கா இதைச் சத்தமாகச் சொல்லவில்லை. தனக்குத் தானே சொல்லிக்கொண்ட மாதிரிதான் இருந்தது. ஆனால் அவருக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்த நாங்கள் நான்கு பேரும் மூச்சை அடக்கிக்கொண்டோம்.

தரமணியில் எங்கள் அலுவலகத்தில், வீடியோ விளையாட்டுகளை ஆடிச் சோதிக்கும் டெஸ்டிங் அறை. மத்தியானச் சாப்பாடு முடிந்து அரை மணி நேரம் இருக்கும். ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி போட்டிருந்தோம். அறைக்கு வெளியே அவர் விட்டுவிட்டு வந்த வாளியிலிருந்து பினாயில் வாசனை கதவிடுக்கு வழியாக வந்துகொண்டிருந்தது. மல்லிகாக்கா எங்கள் அலுவலக மாடியைப் பெருக்கித் துடைக்கிறவர். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, சூடான டம்ளரைப் பிடிப்பதுபோல விரல் நுனியில் கன்ட்ரோலரைப் பிடித்திருந்தார்.

திரையில் ஒரு பழைய ஜப்பானிய விடுதியின் இரண்டாவது மாடி. நீண்ட நடை. இரண்டு பக்கமும் பக்கவாட்டில் இழுத்துத் திறக்கும் காகிதக் கதவுகள். ஐந்து நிமிடத்துக்கு முன் அவர் நுழைந்து, பார்த்து, வெளியே வந்து, இழுத்துச் சாத்திய கதவு ஒன்று இப்போது ஒரு சாண் அகலத்துக்குத் திறந்திருந்தது.

"மேடம், அது பக், புரோகிராம்ல தப்பு," என்று என் காதருகே கிசுகிசுத்தான் திலீப். டெஸ்டர்களின் தலைவன் அவன். "நடைக்கோடி வரைக்கும் போய்ட்டுத் திரும்பினா அந்த ரூம் மறுபடி லோடு ஆகுது. கதவு பழைய நிலைமைக்கு வந்துடுது. நாங்க யாருமே கதவ சாத்தினது இல்ல, அதான் கண்ணுல படல."

நான் பதில் சொல்வதற்குள் என் இன்னொரு பக்கத்தில் நின்ற, ஜப்பானிலிருந்து வந்திருந்த மிசுனோ கையை லேசாக உயர்த்தினார். யாரும் எதையும் தொடவேண்டாம் என்பதுபோல.

அவர் கண் திரையிலேயே இருந்தது.

கம்ப்யூட்டரில் வீடு கட்டுகிறவள்

இந்தப் பத்தியில் போன வாரம் எழுதியதைப் படித்துவிட்டு அடையாறிலிருந்து ஒரு வாசகி கேட்டிருந்தார்: "பேய் விளையாட்டு செய்கிறவர்களுக்குப் பேய் பயம் உண்டா?" அதற்குப் பதிலாகத்தான் இந்த வாரம் அந்த மத்தியானத்தைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தேன். ஆனால் அதற்கு முன்னால் நான் என்ன வேலை செய்தேன் என்பதைச் சொல்லிவிட வேண்டும். என் சொந்தக்காரர்களுக்கே அது இன்னும் சரியாகத் தெரியாது.

மீர்சாகிப்பேட்டையில் எங்கள் வீட்டுக்கு யார் வந்தாலும், "ஃபர்ஸானா கம்ப்யூட்டர்ல வீடு கட்றா," என்றுதான் என்னைப் பெற்ற அம்மி சொல்வார். அது பொய்யில்லை. வீடியோ விளையாட்டில் ஆள் நடமாடும் இடங்களைச் செய்கிற வேலை. சுவர், படி, உத்தரம், குழாய், குழாய்க்குக் கீழே பாசி. ஒருமுறை ஐஸ்ஹவுஸ் பகுதியில் இருக்கும் என் மாமு, தன் வீட்டுக்கு மாடி எழுப்பப் பிளான் போட்டுத் தரச் சொல்லி டேப்போடு வந்துவிட்டார். என் மாடிகளில் யாரும் குடியிருக்க முடியாது என்று அவருக்கு விளக்குவதற்குள் இரண்டு சாயா முடிந்துவிட்டது.

எங்கள் நிறுவனம் வெளிநாட்டு விளையாட்டுகளுக்குப் பாகம் பாகமாக வேலை செய்து கொடுக்கும். அப்படித்தான் அந்த ஜப்பானிய விளையாட்டு வந்தது. மலையூரில் கைவிடப்பட்ட ஒரு வெந்நீர் ஊற்று விடுதி. காணாமல்போன தங்கையைத் தேடி ஒரு பெண் அங்கே போகிறாள். அவள் கையில் பெரிய ஆயுதம் ஒன்றும் கிடையாது. யாரையும் அடித்து வீழ்த்துவது அல்ல ஆட்டம். உள்ளே போய் உயிரோடு வெளியே வருவதுதான். அவளுக்கு ஜப்பானில் ஒரு பெயர் வைத்திருந்தார்கள். எங்கள் மாடியில் எல்லோரும் அவளை 'அக்கா' என்றே சொன்னோம். "அக்கா படியில மாட்டிக்கினா," "அக்கா கால் தரைல படல," என்று நாள் முழுக்கக் கேட்கும்.

விடுதியின் இரண்டாவது மாடி முழுவதும் எங்கள் பொறுப்பு. நானும் எட்டுப் பேரும். எட்டு மாதம்.

சுவரில் இருந்த கடல்

சுவர்களுக்கு ஈரக்கறை வேண்டும். நான் எங்கே போவேன்? மயிலாப்பூரின் பின்சந்துகளில் சனிக்கிழமை காலைகளில் கேமராவோடு அலைந்தேன். மழைநீர் வழிந்து வழிந்து கறுத்த சுவர்கள், காரை பெயர்ந்து செங்கல் தெரியும் மதில்கள். ஒரு வீட்டுக்காரர் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு வெளியே வந்தார்.

"இன்னாம்மா, செவுத்த படம் புடிக்கிற? கார்ப்பரேஷனா?"

"இல்லீங்க. ஜப்பான்காரங்களுக்கு."

அவர் கொஞ்ச நேரம் தன் சுவரைப் பார்த்தார். "அங்க செவுரு இல்லியா?" என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டார்.

அந்தப் படங்களை வைத்து மூன்று வாரம் உழைத்து முதல் அறையை முடித்து அனுப்பினேன். எனக்கே பெருமையாக இருந்தது. ஜப்பானிலிருந்து திரும்பி வந்த படத்தில் சிவப்புக் கோட்டால் ஒரே ஒரு வட்டம். பக்கத்தில் ஒரு குறிப்பு. அதை எங்கள் மொழிபெயர்ப்பாளர் கௌசல்யா படித்துச் சொன்னாள்.

"இந்தச் சுவத்துல கடல் இருக்கு. நம்ம விடுதி மலைல இருக்கு. அப்படீன்னு எழுதியிருக்கார்."

எனக்குப் புரியவில்லை. படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். வட்டத்துக்குள் சுவர் ஓரமாக வெள்ளையாகப் பூத்திருந்தது. உப்பு. மயிலாப்பூரில் கடற்காற்று பட்டு உப்புப் பூக்காத பழைய சுவர் ஏது? முப்பத்தைந்து வருடமாக நான் அதைப் பார்த்துக்கொண்டே வளர்ந்திருக்கிறேன். அதனாலேயே அது என் கண்ணில் படவில்லை. ஆயிரக்கணக்கான மைலுக்கு அப்பால் உட்கார்ந்து ஒருவர், ஒரு கறையின் ஓரத்தைப் பார்த்து, இது கடலோர ஊரின் சுவர் என்று கண்டுபிடித்திருந்தார்.

அவர்தான் மிசுனோ. அந்த விளையாட்டின் இயக்குநர்.

பிறகு வந்த குறிப்புகளையெல்லாம் நான் ஒரு நோட்டில் எழுதி வைத்துக்கொள்ள ஆரம்பித்தேன். ஒரு கதவுக்கு வந்தது இது: "இந்தக் கதவு கைபட்டுத் தேய்ந்திருக்கும் இடம் அதிக உயரத்தில் இருக்கிறது. இந்த அறையை இருபது வருடம் திறந்து மூடியவள் முட்டிபோட்டு உட்கார்ந்துதான் கதவைத் தொடுவாள். தேய்மானத்தைக் கீழே இறக்குங்கள்." அந்தப் பணிப்பெண் விளையாட்டில் எங்குமே வருவதில்லை. அவளைப் பற்றி ஒரு வரி கிடையாது. ஆனாலும் அவள் கை பட்ட இடம் சரியாக இருக்கவேண்டும்.

இறக்கினேன். கதவு உடனே வேறு மாதிரி ஆகிவிட்டது. அதை எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. யாரோ இப்போதுதான் எழுந்து போனது மாதிரி இருந்தது.

அரவம்

மிசுனோ ஒருநாள் நேரிலேயே வந்தார். நரை விழுந்த, ஒல்லியான, குரல் உயராத மனிதர். டெஸ்டிங் அறைக்குள் வருவதற்குமுன் காலணியைக் கழற்றி, வாசலைப் பார்த்துத் திருப்பி வைத்துவிட்டு வந்தார். உத்தரத்தில் ஒரு பல்லி 'ச்சு' கொட்டியதும் சுவரோடு ஒட்டிக்கொண்டார். தலைமுறை தலைமுறையாக மனிதர்களைப் பயமுறுத்துகிற வீட்டிலிருந்து வந்தவர்போல இருப்பார் என்று நாங்கள் நினைத்திருந்தோம். பல்லி போகும்வரை அவர் நாற்காலிக்குப் போகவில்லை.

கௌசல்யா தெற்கு மாடவீதியில் பிறந்து வளர்ந்தவள். அவர் ஜப்பானியத்தில் சொல்வதை அவள் தன் வீட்டுத் தமிழில் சொல்வாள். அதனால் இன்றைக்கு நினைத்துப் பார்த்தாலும் என் நினைவில் மிசுனோ மயிலாப்பூர்த் தமிழில்தான் பேசுகிறார்.

முதல் நாள் பேச்சில் ஒரு ஜப்பானியச் சொல் திரும்பத் திரும்ப வந்தது. கெஹாய். கௌசல்யா தடுமாறினாள்.

"ஆள் இருக்கற மாதிரி ஒரு இது. ஆனா ஆள் கண்ணுக்குத் தெரியப்படாது. சத்தமும் இல்ல, வாசனையும் இல்ல. ஆனா இருக்குன்னு தெரியும். அது உங்க மாடில இல்லைன்னு சொல்றார்."

"பேயா?" என்றான் திலீப்.

"இல்ல. பேய் வர்றதுக்கு முன்னாடி இருக்கறது." அவள் கண்ணை மூடிக்கொண்டு யோசித்தாள். பிறகு, "அரவம்," என்றாள். "ஆள் அரவமே இல்லேங்கறோமே. அந்த அரவம்."

மிசுனோ அந்தச் சொல்லைத் தன் சின்ன நோட்டில் ஜப்பானிய எழுத்தில் குறித்துக்கொண்டு, மூன்று தடவை சொல்லிப் பார்த்தார். 'ரவம்' என்று முடியும்போது அவர் குரல் அடங்கியது.

அதற்கு அடுத்த காலை, அவர் என்னையும் கௌசல்யாவையும் மட்டும் மீட்டிங் அறைக்குக் கூப்பிட்டார். உட்காரவில்லை. எனக்கு முன்னால் நின்று தலை தாழ்த்தினார்.

கௌசல்யா என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள். "ரெண்டாவது மாடிய எடுத்துடலாம்னு அவா தீர்மானம் பண்ணியிருக்காளாம். ரொம்ப அழகா இருக்காம். ஆனா எல்லாரும் அத நாலு நிமிஷத்துல ஓடிக் கடந்துடறாளாம். ஒத்தருக்கும் பயம் வரலையாம். பயம் வராத எடத்த வச்சிண்டா, பயம் வர்ற எடமும் கெட்டுடும்ங்கறார்."

எட்டு மாதம். சின்னப் பாப்பா வீட்டில் இருக்க ஞாயிற்றுக்கிழமை வந்து உட்கார்ந்தவர்கள், ஒரு பாயின் நெசவுக்காகப் பத்து நாள் எடுத்துக்கொண்டவர்கள். அவர்களிடம் போய் என்ன சொல்வது என்று நினைத்தபோது எனக்கு அழுகை வரவில்லை. ஏனென்றால் அவர் சொன்னது உண்மை. அந்த மாடியில் எனக்கே பயம் வந்ததில்லை. அதன் ஒவ்வொரு ஆணியையும் நான்தானே அடித்தேன்.

"ஒரே ஒரு டெஸ்ட்," என்றேன். "டெஸ்டர்கள் வேண்டாம். அவங்க வேலையே ஓடறதுதான். இதுவரைக்கும் எதையுமே ஆடாத ஒருத்தர் ஆடட்டும். அப்புறம் எடுத்துடுங்க."

கௌசல்யா சொன்னாள். மிசுனோ கண்ணாடிச் சுவருக்கு வெளியே பார்த்தார். அங்கே மல்லிகாக்கா மாப்பைப் பிழிந்துகொண்டிருந்தார்.

"அவர் ஆடுவாரா?" என்று கேட்டார்.

இருபத்தைந்து நிமிடம்

"ஒடஞ்சா என் தலைல கட்டிட மாட்டீங்களே?" என்று மட்டும்தான் மல்லிகாக்கா கேட்டார். மாட்டோம் என்றேன். கையை முந்தானையில் நன்றாகத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தார். திலீப் காட்டிக் கொடுத்தான். இந்தக் குச்சியை அசைத்தால் அக்கா நடப்பாள். இந்தப் பொத்தானை அமுக்கினால் கதவு திறக்கும், மறுபடி அமுக்கினால் மூடும்.

முதல் ஐந்து நிமிடம் அக்கா சுவரில் முட்டிக்கொண்டே இருந்தாள். மல்லிகாக்காவுக்குச் சிரிப்பு வந்தது. "குடிச்சிட்டு வந்த மாரி போறா பாரு." பிறகு பிடிபட்டுவிட்டது.

முதல் அறை. உள்ளே போனார். மெதுவாகச் சுற்றிப் பார்த்தார். எங்கள் பாயின் நெசவைப் பார்த்து, "கோரப்பாயா இது?" என்றார். சுருட்டி வைத்திருந்த படுக்கை, தூசு படிந்த டீ கிண்ணம், எல்லாவற்றின் முன்னும் நின்றார். எட்டு மாதத்தில் எங்கள் அறையை இப்படி நின்று பார்த்த முதல் ஆள் அவர்தான். பிறகு வெளியே வந்தார். திரும்பினார். கதவைச் சாத்தினார்.

திலீப் என்னைப் பார்த்தான்.

இரண்டாவது அறை. போனார், பார்த்தார், வந்தார், சாத்தினார். மூன்றாவதும் அப்படியே. எந்தக் கதவையும் அவர் திறந்து போட்டுவிட்டுப் போகவில்லை. மிசுனோ மெல்ல மெல்ல முன்னால் நகர்ந்து வந்து, அவர் நாற்காலிக்குப் பின்னாலேயே நின்றுவிட்டார்.

நடைக்கோடிக்குப் போன மல்லிகாக்கா வழி தெரியாமல் திரும்பினார். அப்போதுதான் அந்தக் கதவைப் பார்த்தார்.

"நான் சாத்தினேனே."

திரையில் அக்கா அசையாமல் நின்றாள். நாங்களும்தான். அந்த ஒரு சாண் இடைவெளிக்குள் என்ன இருக்கிறது என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஒரு பாய், ஒரு மேஜை, ஒரு ஜன்னல். நானே செய்தவை. ஆனால் என் முதுகில் ஏதோ ஊர்ந்தது. கைமயிர் எழுந்து நின்றது. அங்கே யாரோ இருந்தார்கள். நாங்கள் யாரும் வைக்காத ஒருவர்.

"அரவம்," என்று சுத்தமான தமிழில் சொன்னார் மிசுனோ.

மல்லிகாக்கா ஓடவில்லை. மெதுவாக அந்தக் கதவருகே போய், மறுபடியும் அதைச் சாத்தினார். சாத்திவிட்டுக் கன்ட்ரோலரை மேஜைமேல் வைத்தார். "எனக்கு ஒரு மாரி கீதும்மா. போதும்," என்றார்.

இருபத்தைந்து நிமிடம் ஆகியிருந்தது.

அனுமதி

மிசுனோ ஒரு நாற்காலியை இழுத்து மல்லிகாக்காவுக்கு எதிரே போட்டு உட்கார்ந்தார். பெரிய அதிகாரி தனக்கு எதிரே உட்காருவது மல்லிகாக்காவுக்குச் சங்கடமாக இருந்தது. எழப் போனார். அவர் கையமர்த்தினார்.

"ஏன் எல்லாக் கதவையும் சாத்தினேள்னு கேக்கறார்," என்றாள் கௌசல்யா.

மல்லிகாக்காவுக்கு அந்தக் கேள்வியே விளங்கவில்லை. "தொறந்து போட்டுட்டுப் போனா இன்னா ஆவறது? அடையாறு ஆத்தாங்கர ஓரம் குடிசை எங்களுக்கு. நாயி பூந்துடும், பெருச்சாளி பூந்துடும். இப்போ பெரும்பாக்கத்துல கவர்மெண்டு மாடி வூடு குடுத்துட்டாங்க. அங்க பெருச்சாளி இல்ல. ஆனா கை கேக்க மாட்டேங்குது."

கௌசல்யா அதை ஜப்பானியத்தில் சொன்னாள். பெருச்சாளிக்கு என்ன சொன்னாளோ தெரியாது. மிசுனோ கவனமாகக் கேட்டார். பிறகு ஒன்று சொன்னார். கௌசல்யா உடனே மொழிபெயர்க்கவில்லை. சொன்னது சரிதானா என்று அவரிடம் திரும்பக் கேட்டாள்.

"உங்க பழக்கத்த நாங்க எடுத்துக்கலாமான்னு கேக்கறார். உங்க அனுமதி வேணும்ங்கறார். கூடாதுன்னேள்னா எடுத்துக்க மாட்டாராம்."

"கதவ சாத்தறதுக்கா?" மல்லிகாக்கா என்னைப் பார்த்தார். கிண்டல் செய்கிறார்களா என்று பார்ப்பதுபோல இருந்தது அந்தப் பார்வை. யாரும் சிரிக்கவில்லை என்று தெரிந்ததும் முந்தானையைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். "எடுத்துக்கச் சொல்லு. கதவுதானே."

மாடியை எடுக்கவில்லை. அன்றைக்கே மிசுனோ வெள்ளைப் பலகையில் ஒரே ஒரு விதி எழுதினார். அதன் எளிமையை நினைத்தால் எனக்கு இன்றும் பிரமிப்புத்தான். ஆடுகிறவர் சாத்திய கதவுகளில் ஏதாவது ஒன்று பிறகு திறந்திருக்கும். சாத்தாத கதவு எதுவும் எப்போதும் அசையாது. அவ்வளவுதான். ஓடுகிறவனுக்கு அது வெறும் மாடி. நின்று, பார்த்து, பொறுப்பாகச் சாத்திவிட்டுப் போகிறவருக்குத்தான் அங்கே ஆள் இருக்கும். இத்தனை பேர் மாதக்கணக்கில் உட்கார்ந்து யோசித்தும் கிடைக்காதது, ஒரு தப்பான லோடிலும் ஒரு பெண்ணின் கைப்பழக்கத்திலும் கிடந்தது. அதைக் குனிந்து எடுக்கத் தெரிந்தவர் ஒருவர் அன்றைக்கு அந்த அறையில் இருந்தார். நான் பார்த்தேன் என்பதுதான் என் பங்கு.

ஊருக்குக் கிளம்புமுன் இன்னொரு காரியம் செய்தார். அக்கா கதவு மூடும் அசைவு சரியில்லை என்றார். கம்பெனி ஸ்டோர் ரூமில் ஒரு இழுப்புக் கதவு இருந்தது. மல்லிகாக்கா அதை மூடிக் காட்ட, மூன்று பக்கத்திலிருந்து படம் எடுத்துக்கொண்டு போனார். இடது உள்ளங்கை கதவுமேல், வலது கை சட்டத்தைப் பிடித்து, கடைசி விரலளவில் வேகத்தைக் குறைத்து, சத்தமில்லாமல்.

இரண்டு தட்டு

நாலைந்து மாதம் கழித்து விளையாட்டின் ஏறக்குறைய முடிந்த பதிப்பு, அதாவது பில்டு, வந்தது. மல்லிகாக்காவைக் கூப்பிட்டுக் காட்டினேன். திரையில் அக்கா மண்டியிட்டுக் கதவை இழுத்துச் சாத்தினாள். அதே உள்ளங்கை. அதே கடைசி விரலளவு நிதானம்.

"உங்க கைதான் இது, மல்லிகாக்கா," என்றேன்.

அவர் குனிந்து கிட்டே பார்த்தார். தன் கையையும் ஒருதரம் பார்த்துக்கொண்டார். "ஆனா தட்டல," என்றார்.

"என்ன தட்டல?"

"சாத்திட்டு ரெண்டு தட்டு தட்டுவேன். அன்னிக்கி படம் புடிக்கிறப்ப எல்லாரும் பாத்துக்கினு இருந்தீங்களா, வெக்கமாப் போச்சி. தட்டல."

எதிரே இருந்த மேஜையில் தட்டிக் காட்டினார். விரல்முட்டியால் அல்ல, உள்ளங்கையின் அடிப்பகுதியால். மெத்து மெத்தென்று இரண்டு.

விளையாட்டு முடிகிற கட்டத்தில் இப்படி ஒன்றைச் சொல்லலாமா என்று எனக்குத் தயக்கம்தான். ஆனாலும் கௌசல்யாவை வைத்து மிசுனோவுக்கு எழுதினேன். மல்லிகாக்கா மூடிய பிறகு இரண்டு தடவை தட்டுவார், இப்படி, என்று அவர் தட்டுகிற சத்தத்தையும் பதிவுசெய்து அனுப்பினேன். மறுநாள் பதில் வந்தது. "நான் கவனிக்கத் தவறிவிட்டேன். மன்னிக்கவும். எதற்காகத் தட்டுகிறார் என்று அவரிடம் கேட்கவேண்டாம். அது அவருடையது."

நானும் கேட்கவில்லை.

கடைசி பில்டு வந்த அன்று காலை பதினொரு மணி இருக்கும். கறுப்புத் துணி துவைக்கப் போயிருந்தது. ஜன்னல் வழியே நல்ல வெயில். பறக்கும் ரயில் ஒன்று போகிற இரைச்சல்கூடக் கேட்டது. திலீப் ஹெட்போன் போட்டு ஆட, நான் இன்னொரு ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்தேன். அக்கா கதவைச் சாத்தினாள். உள்ளங்கையால் இரண்டு தட்டு. சேர்த்துவிட்டார்கள். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அடுத்த அறை, இரண்டு தட்டு. அதற்கடுத்தது, இரண்டு தட்டு.

நடையின் நடுவில் உள்ள அறையை அக்கா சாத்தினாள். தட்டினாள். திரும்பினாள்.

அந்தப் பக்கத்திலிருந்து ஒரு தட்டு.

ஒன்றே ஒன்று. மெல்ல. நாங்கள் யாரும் கேட்டு எழுதாத ஒன்று.

திலீப் ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்துவிட்டு எழுந்து ஜன்னலோரம் போய் நின்றான். "மேடம், நான் இத ஆடல. நீங்க வேற யாரயாவது பாத்துக்கங்க," என்றான். ஆறு வருடமாக இந்த வேலையில் இருப்பவன். எனக்கும் கை சில்லிட்டிருந்தது. அத்தனை வெயிலில்.

இதை மல்லிகாக்காவிடம் காட்டலாமா என்று எனக்குச் சந்தேகம். பயந்துவிட்டால்? ஆனால் அது அவருடைய கதவு. காட்டாமல் இருப்பது நியாயமில்லை என்று தோன்றியது. கூப்பிட்டு உட்காரவைத்து, ஹெட்போனை நானே மாட்டிவிட்டேன். இன்னொன்றை என் காதில் வைத்துக்கொண்டேன்.

அவர் நிதானமாக ஆடினார். இப்போது சுவரில் முட்டுவதில்லை. தன் தட்டைக் கேட்டதும் லேசாகச் சிரித்தார். நடு அறைக்கு வந்தார். போனார், பார்த்தார், வந்தார், சாத்தினார். இரண்டு தட்டு.

உள்ளேயிருந்து ஒரு தட்டு.

மல்லிகாக்கா அப்படியே உட்கார்ந்திருந்தார். நான் அவர் தோளைத் தொட்டேன். திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே பேசினார்.

"என் வூட்டுக்காரரு ஆட்டோ கவுந்து இடுப்பு ஒடஞ்சி நாலு வருசம் படுக்கைல இருந்தாரும்மா. ஆத்தாங்கர வூட்ல. நான் வேலைக்குக் கெளம்பறப்ப கதவ சாத்திட்டு ரெண்டு தட்டு தட்டுவேன். போய்ட்டு வரேன்னு. அவரு உள்ள கட்டில் சட்டத்துல ஒரு தட்டு தட்டுவாரு. சரி போன்னு. ஒண்ணே ஒண்ணுதான் தட்டுவாரு. கைல அதுக்குமேல தெம்பு கெடையாது."

கணவர் இறந்து எத்தனை வருடம் என்று நான் கேட்கவில்லை. அவர் போன பிறகும், ஊர் மாறின பிறகும், காலி வீட்டுக் கதவை இத்தனை நாளும் மல்லிகாக்கா தட்டிவிட்டுத்தான் வேலைக்கு வந்துகொண்டிருக்கிறார் என்று மட்டும் எனக்குப் புரிந்தது. பதில் தட்டு ஒன்று இருந்ததென்று மிசுனோவுக்கு யாரும் சொல்லவில்லை. சொல்ல எங்கள் யாருக்கும் அது தெரியாது. இரண்டு தட்டின் சத்தத்தை மட்டும் கேட்டு, இது கதவுக்கு அந்தப் பக்கம் ஓர் ஆள் இருந்த வீட்டின் தட்டு என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

"பயமா இருக்காக்கா? நிறுத்திடலாமா?" என்றேன்.

"இன்னாத்துக்கு பயம்," என்றார் மல்லிகாக்கா. "உள்ள ஆள் கீது."

கன்ட்ரோலரைச் சரியாகப் பிடித்துக்கொண்டு, கதவை ஒருமுறை திறந்து, மறுபடி சாத்தினார்.